'யாழினி' என்று டைப் பண்ணிவிட்டு அழுதேன்

மதிப்புக்குரிய மேடம்,

எனக்கு 23 வயது. திருப்பூர் பக்கம் ஒரு பனியன் கம்பெனியில் டிசைன் செக்‌ஷனில் வேலை. வீட்டுக்கு மூத்த மகன். ராத்திரி எல்லோரும் தூங்கிய பிறகு போனில் படம் வரைவேன். எல்லாம் என் முகம்தான். ஆனால் ஜிமிக்கி போட்டு, பூ வைத்திருக்கும். பேர், ஊர் சொல்லாமல் இன்ஸ்டாகிராமில் போட்டேன். திருநங்கைகளும் திருநம்பிகளும் உள்ள ஓவியர் குழு ஒன்றில் என்னைச் சேர்த்துக்கொண்டார்கள். முதல் நாளே, "உன்னை எந்தப் பேர் சொல்லிக் கூப்பிடணும்?" என்று கேட்டார்கள். 'யாழினி' என்று டைப் பண்ணிவிட்டு அழுதேன். புடவை மடிப்பு சரியாக விழவில்லை என்றால் அங்கே ஒரு அக்கா படத்தின்மேலேயே கோடு போட்டுத் திருத்தி அனுப்புவார்.

இப்போது வீட்டில் பெண் பார்க்கிறார்கள். குழுவில் சிலர், "இப்பவே சொல்லிடு" என்கிறார்கள். நான் நிஜமாகவே யாழினியா, இல்லை வரைந்து வரைந்து வந்த பிரமையா?

அன்புள்ள யாழினி,

படம் வரைவதால் யாருக்கும் பாலினம் மாறிவிடாது. உள்ளே கிடப்பதைப் பயமில்லாமல் எடுத்துப் பார்க்க அது இடம் தருகிறது. நீங்கள் யார் என்று ஒரு கடிதத்தை வைத்து நான் தீர்ப்புச் சொல்லக் கூடாது. தன் பாலினத்தைச் சொல்லும் உரிமை அவரவருக்கே என்று 2014-ல் நால்சா (தேசிய சட்டப் பணிகள் ஆணையம்) வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. நிதானமாகப் பாருங்கள்.

மடிப்பைத் திருத்திய அக்காவை எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது. யாழினியை ஓர் ஓவியராக நடத்துகிறார். பெங்களூரில் 2016-ல் தொடங்கிய அரவானி ஆர்ட் ப்ராஜெக்ட்டில் திருநங்கைகள் சேர்ந்து நின்று தெருச் சுவர்களில் வரைகிறார்கள். பக்கத்தில் ஒருத்தர் தூரிகையோடு நிற்பது எவ்வளவு பெரிய தெம்பு!

ஆனால் "இப்பவே சொல்லிடு" என்பவர்கள் அன்று ராத்திரி உங்கள் வீட்டில் இருக்கப்போவதில்லை. வெளியே போகச் சொன்னால் எங்கே தங்குவீர்கள், சம்பளம் உங்கள் கையில் இருக்கிறதா? இதற்குப் பதில் கிடைத்த பிறகு சொல்லலாம். கல்யாணப் பேச்சை மட்டும் இப்போதே உறுதியாக நிறுத்துங்கள். ஒன்றும் அறியாத ஒரு பெண்ணின் வாழ்க்கையும் அதில் மாட்டிக்கொள்ளும்.

வீட்டுக்குத் தெரிந்து, 'குணப்படுத்த' டாக்டரிடம் கூட்டிப்போனால் பயப்படாதீர்கள். அப்படி மாற்ற முயல்வது தொழில் ஒழுங்கீனம் என்று தேசிய மருத்துவ ஆணையம் 2022-ல் அறிவித்துவிட்டது. மனசு தாங்காத ராத்திரிகளில் 14416-க்குக் கூப்பிடுங்கள். டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண் அது, காசு கிடையாது, தமிழிலேயே பேசலாம்.

அந்த அக்கா தன் வீட்டில் எப்போது, யாரிடம் முதலில் சொன்னார்? கேட்டுப் பாருங்கள்.