முதல் காட்சி யாருக்கு?

அன்பின் அண்ணா,

யாழ்ப்பாணத்து மல்லாகத்தில் இருந்து எழுதுகிறேன். சுன்னாகம் பக்கத்துக் கிணறுகளில் மின் நிலையத்துக் கழிவு எண்ணெய் கலந்தது பற்றி ஆறு மாதமாக ஆவணப்படம் ஒன்று எடுத்து வருகிறேன். கையில் ஒரு கமராவும் நண்பனின் மடிக்கணினியும்தான். "படம் எடுத்து என்ன மாறப்போகுது?" என்று வீட்டில் கேட்கிறார்கள். முடித்ததும் விழாக்களுக்கு அனுப்புவதா, ஊரில் போடுவதா?

ச.

அன்பின் தங்கைக்கு,

ஊரில் போடுங்கள். விழாவுக்கு அப்புறம் அனுப்பலாம்.

காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளின் தாய்மாரைப் பற்றி முன்பு நான் இருபது நிமிடப் படம் ஒன்று எடுத்தேன். வெளியில் நாலு இடத்தில் காட்டிய பிறகுதான் ஊருக்குக் கொண்டு வந்தேன். சனசமூக நிலையச் சுவரில் வெள்ளை வேட்டி கட்டிப் போட்டோம். முடிந்ததும் ஓர் அம்மா எழும்பினார். "தம்பி, நான் அழேக்கை மட்டும் எடுத்து வச்சிருக்கிறாய். அண்டைக்குக் காலமை உனக்குப் புட்டு அவிச்சுத் தந்தனான், அது எங்க?"

அந்தக் காட்சியை வெட்டியது நான்தான். புட்டு அவிக்கும் நீத்துப்பெட்டியைக் கவிழ்த்துக் கொட்டியபடியே, மகனுக்குத் தேங்காய்ப்பூ கூடப் போடவேணும் என்று அவர் சொன்னதும் அதோடு போயிருந்தது. அடுத்த மாதமே திரும்பச் சேர்த்தேன். ஆனால் முதலில் பார்த்தவர்களுக்கு அவர் அழுகிற ஒரு முகம் மட்டும்தான். அது இன்றும் எனக்கு வலிக்கிறது.

உங்கள் படத்தில் வில்லன் கண்ணுக்குத் தெரிவதில்லை. குடாநாட்டில் வருடம் முழுக்க ஓடும் ஆறு இல்லை. குடிக்கவும் தோட்டத்துக்கும் கிணறுதான். சுண்ணாம்புக் கல்லின் வெடிப்புகள் வழியே தண்ணீர் ஒரு வளவில் இருந்து இன்னொரு வளவுக்குப் போகும், எண்ணெயும் அதே வழியில் போகும். இதை அறிக்கையில் படிப்பது வேறு. எண்ணெய் படிந்த அந்தக் காலத்து வாளியை யாராவது இன்னும் வைத்திருந்தால் அதைக் கிட்ட வைத்து எடுங்கள். வளவில் கிணறு இருந்தும் பவுசர் தண்ணீருக்குக் குடங்களை வரிசையில் வைத்த நாட்களைச் சொல்லச் சொல்லுங்கள்.

வீட்டாருக்கும் நேராகவே பதில் சொல்லலாம். 2019 ஏப்ரலில் இலங்கை உயர் நீதிமன்றம், மின் உற்பத்தி செய்த நிறுவனம் 2 கோடி ரூபாய் நட்டஈடு கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது. அது மனுப் போட்டு, வழக்காடி வந்தது. அந்த வேலையைப் படம் செய்யாது. ஆனால் படம் முடிந்து விளக்குப் போட்டதும், "தீர்ப்புக்குப் பிறகு உங்கள் கிணற்றை ஆர் வந்து பார்த்தது?" என்று ஊர்ச்சனத்தை ஒரே இடத்தில் இருத்திக் கேட்கலாம். சொல்வதை ஒருவர் கொப்பியில் எழுதட்டும். அடுத்த மனு அதில் இருந்து தொடங்கும்.

காசுக்கும் ஊரிடமே போகலாம். கேரளத்தில் இயக்குநர் ஜான் ஆபிரகாமின் ஒடெஸ்ஸா திரைப்படக் குழு ஊர் ஊராகப் போய் மக்களிடம் சேர்த்த பணத்தில்தான் 1986இல் 'அம்மா அறியான்' படம் வந்தது. நூறு ரூபா தந்தவர் படத்தைத் தன்னுடையது என்று நினைத்துப் பார்ப்பார், பிழை இருந்தால் உரிமையோடு சொல்வார்.

கடைசி வெட்டுக்கு முன் படத்தில் வருகிற எல்லாரையும் கூப்பிட்டுக் காட்டுங்கள். வேண்டாம் என்று யாராவது சொன்னால் எடுத்துவிடுங்கள், எவ்வளவு நல்ல காட்சியாக இருந்தாலும்.

நாள் குறித்ததும் எழுதுங்கள். புரொஜெக்டர் என்னிடம் இருக்கிறது, கொண்டு வருகிறேன்.