மண் தடத்தில் ஓட்டுவதா, எஞ்சின் கட்டுவதா: ஒன்றை விட்டுவிட வேண்டுமா?

மண் தடப் பந்தயத்தில் ஓட்டுவது, எஞ்சின் கட்டுவது இரண்டையும் சேர்த்துத் தொழிலாக்க முடியுமா, அல்லது ஒன்றை விட்டுவிட வேண்டுமா என்று கேட்டிருக்கிறீர்கள். பட்டறையில் சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கொண்டு, சேர்த்த பணத்தில் பந்தயத்துக்குப் போகிறவராக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன். வசதியான வீட்டுப் பிள்ளைக்கு இந்தக் கேள்வி எழாது. கோயம்புத்தூரில் பல ஆண்டுகளாக இரண்டையும் செய்துவருகிறவன் என்ற முறையில் சொல்கிறேன்: சோறு போடுவது எஞ்சின் வேலை. ஆனால், ஓட்டுவதை விட்டால் அந்த எஞ்சின் வேலையும் கெட்டுப்போகும்.

தொடக்கத்தில் நான் கட்டுவதோடு நின்றிருந்தேன். யமஹா ஆர்எக்ஸ் 100-இல்தான் என் கை பழகியது. 98 சிசி டூ-ஸ்ட்ரோக் எஞ்சின், நிமிடத்துக்கு 7,500 சுற்றில் 11 குதிரைத்திறன். ஆவாரம்பாளையத்தில் லேத் பட்டறைகளுக்குக் குறைவில்லை என்பதால் சிலிண்டர் பிளாக்கின் உள்துளையைக் கடைந்து போர் செய்வதும், அதன் மேல்மூடியான ஹெட்டைச் சீவுவதும் ஒரு நாள் வேலை. பந்தயம் ஓட்டும் ஒரு தம்பிக்காக எக்ஸாஸ்ட் போர்ட்டை, அதாவது எரிந்த புகை சிலிண்டரிலிருந்து வெளியேறும் துளையை, ஒன்றரை மில்லிமீட்டர் மேலே ஏற்றிக் கொடுத்தேன். தார்ச் சாலையில் அது சீறிய சீறலில் எனக்குப் பெருமை தாங்கவில்லை. இரண்டு பந்தயங்களில் பின்தங்கிய அவன், "வளைவுல எடுக்கவே மாட்டேங்குதுங்ணா, நிமிந்ததும் ஒரேயடியாத் தூக்குதுங்ணா" என்றான். ஓட்டத் தெரியாதவன் எஞ்சினைக் குறை சொல்லக் கூடாது என்று நான்கு பேர் முன்னிலையில் அவனைத் திட்டி அனுப்பினேன்.

அடுத்த பந்தயத்துக்கு அவன் வரவில்லை. நுழைவுக் கட்டணம் கட்டியாகிவிட்டதால் அந்த வண்டியில் நானே ஏறினேன். காலையில் டேங்கர் லாரி தண்ணீர் தெளித்திருந்ததால் வளைவுகளின் உட்புறம் வழுக்கியது. வேகத்தைக் குறைத்து வளைவுக்குள் நுழைந்தால், ஆறாயிரம் சுற்றுக்குக் கீழே எஞ்சினில் உயிரே இல்லை. கிளட்சைத் தட்டி எழுப்பினால் மொத்தச் சக்தியும் ஒரே நொடியில் பாய்ந்து, பின்சக்கரம் மண்ணைச் சீய்த்துக்கொண்டு பக்கவாட்டில் போனது. போர்ட்டை உயர்த்தினால் அது முன்கூட்டியே திறந்து, எஞ்சின் மெதுவாகச் சுழலும்போது தள்ள வேண்டிய அழுத்தம் வெளியே போய்விடுகிறது. சக்தி முழுவதும் உச்சியில் ஒரு சிறு பட்டைக்குள் ஒடுங்கிவிடுகிறது. தார்ச் சாலையின் பிடிப்பு மறைத்துவிட்ட இந்தக் குறையை மண் ஒரே சுற்றில் காட்டிக்கொடுத்தது. நான்காவது சுற்றின் நேர்ப்பாதையில் சத்தம் மெலிந்தது, பின்சக்கரம் பூட்டிக்கொண்டது. ஹெட்டையும் பிளாக்கையும் கழற்றியபோது பிஸ்டனின் எக்ஸாஸ்ட் பக்கத்தில் அலுமினியம் கோடு கோடாக இழுபட்டிருந்தது. ஸ்பார்க் பிளக் வெள்ளை வெளேரென்று இருந்தது, பெட்ரோல் போதவில்லை என்பதற்கு அது அடையாளம். கார்புரேட்டரில் பெட்ரோலை அளந்துவிடும் மெயின் ஜெட், சாலைக்குச் சரியாக இருந்தாலும், உதிரி மண்ணில் முழுப் பாரத்தோடு உழைத்த எஞ்சினுக்குப் போதவில்லை.

மறுநாளே அந்தத் தம்பியின் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன். வேறு பிளாக் போட்டு, போர்ட்டின் உயரத்தை ஏறக்குறையக் கம்பெனி அளவிலேயே விட்டு, அகலத்தை மட்டும் சிறிது கூட்டி, ஜெட்டைப் பெரிதாக்கி, பின்பக்க ஸ்ப்ராக்கெட்டில் (செயின் ஓடும் பல்சக்கரத்தில்) இரண்டு பல் கூட்டிக் கொடுத்தேன். அவன் மூன்றாவதாக வந்தான். பரிசளிப்பின்போது டயர் கடை, ஆயில் கடைப் பெயர்களையெல்லாம் மைக்கில் வாசித்தார்கள். எஞ்சின் கட்டியவன் பெயரை ஒருவரும் சொல்லவில்லை. அன்று மட்டுமல்ல, இத்தனை ஆண்டுகளில் ஒருமுறைகூடச் சொன்னதில்லை. இந்த வருத்தம் எனக்கு இன்றும் உண்டு.

ஓட்டுபவர் ஒருவர், கட்டுபவர் ஒருவர் என்று இருந்தால் என்ன என்று சிலர் வாதிடுவார்கள். அமெரிக்காவின் களிமண் தடங்களில் 20 முறை வேர்ல்டு ஆஃப் அவுட்லாஸ் என்ற கார்ப் பந்தயத் தொடரின் பட்டத்தை வென்ற ஸ்டீவ் கின்சருக்கு, அவருடைய உறவினர் கார்ல் கின்சர்தான் நெடுங்காலம் எஞ்சினைப் பார்த்துக்கொண்டார் என்பதை அறிவேன். அப்படி ஓட்டுபவர் சொல்லை மதிக்கும் ஆள் வாய்த்தால் நல்லது. அந்தத் தம்பிக்கு நான் அப்படி வாய்க்கவில்லை. எங்கள் ஊர் கரிவரதனோ சென்னைக்கு அருகே இருந்த சோழவரம் பந்தயத் தடத்தில் தானே பந்தயம் ஓட்டியவர், தானே கார்களை வடிவமைத்தவர். மாருதி 800-இன் எஞ்சினை வைத்து அவர் உருவாக்கிய ஃபார்முலா மாருதி என்ற ஒற்றை இருக்கைப் பந்தயக் காரில்தான், 2005-இல் ஃபார்முலா ஒன்றுக்குப் போன நரேன் கார்த்திகேயன் தொடங்கினார். செட்டிபாளையத்துப் பந்தயத் தடம் கரிவரதன் பெயரைத்தான் தாங்கி நிற்கிறது. பணமுள்ள குடும்பத்தில் பிறந்தவரை எடுத்துக்காட்டாகச் சொல்வதா என்று கேட்பீர்கள், நியாயம்தான். நமக்குக் கிடைக்கும் பரிசுத் தொகை பல நேரங்களில் டயர் செலவுக்கே காணாது. அதனால்தான் பட்டறை வருமானத்தை விடாதீர்கள் என்கிறேன்.

முதல் ஆண்டு கம்பெனி எஞ்சினிலேயே ஓட்டுங்கள். ஒவ்வொரு ஓட்டம் முடிந்ததும் பிளக்கைக் கழற்றி நிறத்தைப் பாருங்கள். காப்பிப்பொடி நிறத்தில் இருந்தால் ஜெட் சரி. தடம் ஈரமா புழுதியா, எந்த வளைவில் எத்தனையாவது கியர் என்பதை நோட்டில் எழுதிவையுங்கள். அதன் பிறகு போர்ட்டில் அரம் வைக்கலாம்.