இந்தோனேசிய மலைகளும் எரிமலைகளும்: கேட்டவர்களுக்குப் பதில்

கேள்வி: சார், புஞ்சாக் ஜயாதானே அங்கே உயரமான எரிமலை?

பதில்: நாட்டிலேயே உயரமான சிகரம் அதுதான், 4,884 மீட்டர். ஆனால் எரிமலை இல்லை. கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல், புவித்தட்டுகள் மோதியதில் மேலெழுந்து மலையானது. 1623இல் யான் கார்ஸ்டென்ஸ் என்ற டச்சு மாலுமி, நிலநடுக்கோட்டுக்குப் பக்கத்தில் பனிமலையைப் பார்த்ததாகச் சொன்னபோது ஊரே சிரித்தது. அவர் கண்ட பனி இன்று உருகி முடியும் தறுவாயில் இருக்கிறது என்பதுதான் என் மனதை உறுத்துகிறது. எரிமலைகளில் உயரமானது சுமாத்ராவின் கெரின்சி, 3,805 மீட்டர்.

கேள்வி: ஜாவாவில் இத்தனை எரிமலைகள், பக்கத்துக் கலிமந்தானில் (போர்னியோ தீவின் இந்தோனேசியப் பகுதி) ஏன் சீறுவதே இல்லை?

பதில்: ஜாவாவுக்குத் தெற்கே கடல்தட்டு ஒன்று ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர் வீதம் தீவுக்கு அடியில் நுழைகிறது. சுமார் 100 கிலோமீட்டர் ஆழத்தில் அதிலுள்ள நீர் பிரிந்து மேலே ஏறும். நீர் பட்ட பாறை குறைந்த வெப்பத்திலேயே உருகிவிடும். அந்தக் குழம்புதான் மேலே வருகிறது. கலிமந்தான் அந்த வரிசையை விட்டு வடக்கே தள்ளி இருக்கிறது.

கேள்வி: அண்ணா, கிரகதாவ்தானே எல்லாவற்றிலும் பெரிய வெடிப்பு?

பதில்: பேர் அதற்கு, அளவு தம்போராவுக்கு. 1883இல் கிரகதாவ் வெடித்தபோது செய்தி தந்தியில் பறந்தது, உலகமே பேசியது. 36,000 பேருக்கு மேல் மாண்டார்கள், பெரும்பாலோர் ஆழிப்பேரலையில். 1815இல் சும்பாவா தீவின் தம்போரா வெடித்ததோ அதைவிடப் பல மடங்கு பெரிது. 4,000 மீட்டருக்கு மேல் நின்ற மலை இன்று ஏறத்தாழ 2,850 மீட்டர்தான். உச்சி இருந்த இடத்தில் 6 கிலோமீட்டர் அகலப் பள்ளம். மறு ஆண்டு ஐரோப்பாவில் கோடையே வரவில்லை, பயிர் பொய்த்தது. உயரப் பட்டியலை மட்டும் மனப்பாடம் செய்யும் மாணவர்களுக்கு நான் முதலில் காட்டுவது இந்தப் பள்ளத்தைத்தான்.

கேள்வி: கிழக்கு ஜாவாவின் இஜென் எரிமலையில் நீல நிறத்தில் குழம்பு ஓடுமாமே?

பதில்: குழம்பு இல்லை தம்பி, எரியும் கந்தக வாயு. இருட்டில்தான் தெரியும். அதே எரிமலைப் பள்ளத்திலிருந்து தொழிலாளிகள் மஞ்சள் கந்தகக் கட்டிகளை மூங்கில் கூடையில் ஏற்றி, 70 கிலோவுக்கும் மேல் தோளில் சுமந்து ஏறுகிறார்கள். படம் எடுக்கப் போனால் முதலில் அவர்களுக்கு வழிவிடுங்கள்.

கேள்வி: நம் நாட்டுக்கும் இவற்றுக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

பதில்: உண்டு. சுமாத்ராவின் தோபா சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்தது. அந்தப் பள்ளம்தான் இன்று 100 கிலோமீட்டர் நீள ஏரி. அதன் சாம்பல் ஆந்திரத்தின் ஜ்வாலாபுரத்தில் மண்ணுக்குள் தனி அடுக்காகவே கிடக்கிறது. அதற்குக் கீழேயும் மேலேயும் கற்கருவிகள் கிடைத்திருக்கின்றன.