‘யாழ்’ என்ற பெயர் ஆண், பெண் இருபாலருக்கும் பொருந்துமா?

தாராளமாக வைக்கலாம். யாழ் பழந்தமிழரின் நரம்புக் கருவி. யாழினி பெண், யாழவன் ஆண் என்று விகுதிதான் பால் காட்டுகிறது. வெறும் ‘யாழ்’ இருவருக்கும் பொருந்தும். (குறள் குழந்தையின் மழலையை யாழிசைக்கும் மேலே வைக்கிறது என்பது வேறு விஷயம்!)

சிக்கலெல்லாம் ஆங்கில எழுத்தில்தான். ழகரத்துக்கு இசட்-எச் போட்டால் வெளிமாநிலத்தில் ‘யாஸ்’ என்று படிப்பார்கள். எல் போட்டால் ‘யால்’. ஒரு ஏ-வா, இரண்டு ஏ-வா என்பதையும் முதலிலேயே முடிவு செய்து, பிறப்புச் சான்றிதழ், ஆதார், பாஸ்போர்ட் எல்லாவற்றிலும் அப்படியே எழுதுங்கள். பெயரில்லாமல் பிறப்பைப் பதிந்திருந்தால் 12 மாதத்துக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். பிறகு தாமதக் கட்டணம் உண்டு. பதிந்த பெயரைத் திருத்துவதுதான் பெரிய அலைச்சல். ஓரசைப் பெயர் என்பதால் வீட்டில் எப்படியும் ‘யாழு’ ஆகிவிடும்.