சிப்பி வறுவலின் மேல்மாவு கழன்று வருவது பற்றி

சிப்பியின் மேல்மாவு எண்ணெயிலேயே கழன்றுவிடுகிறது, தட்டுக்கு வந்ததும் நமத்துப்போகிறது என்று எழுதியிருந்தீர்கள். ஈரம்தான் காரணம். ஜப்பானியர் 'காக்கி ஃபுராய்' என்ற சிப்பி வறுவல் செய்யும்போது சிப்பியை உப்பு நீரில் மெதுவாக அலசி, ஒற்றி ஒற்றி உலர்த்துவார்கள். மடிப்புகளுக்குள் நீர் ஒளிந்திருக்கும், அவசரப்படாதீர்கள். பிறகு மைதாவில் புரட்டி, உதறி, முட்டையில் தோய்த்து, பாங்கோ ரொட்டித்தூளைப் போர்த்துங்கள். எண்ணெய் 180 முதல் 190 டிகிரி செல்சியஸ். ஒரு தடவைக்கு நாலைந்துதான், 3 நிமிடத்துக்குக் குறையக் கூடாது. உள்ளே பச்சையாக விடுவது ஆபத்து. எடுத்ததும் கம்பித் தட்டில் பரப்புங்கள், அடியில் ஆவி தங்காது. தொட்டுக்கொள்ள டார்ட்டர் சாஸ் அருமையாக இருக்கும்: மயோனைஸ், நறுக்கிய அவித்த முட்டை, வெள்ளரி ஊறுகாய், எலுமிச்சைச் சாறு. நறுக்கிய வெங்காயத்தையும் பிழிந்துவிட்டுச் சேர்த்துக்கொள்ளுங்கள். இல்லையென்றால் சாஸ் நீர்த்துவிடும்.