யாருக்குச் சோதனை?

கேள்வி: இயற்கையின் வழியே அடையாளத்தையும் உருமாற்றத்தையும் தேடும் சோதனை நடனப்படம் ஒன்று பார்த்தேன். ஒரு பெண், ஒரு காடு, நாற்பது நிமிடம். ஒன்றும் புரியவில்லை. என் ரசனையில் கோளாறா?

பதில்: 'சோதனை' என்று அவர்களே சொல்லிவிட்ட பிறகும் போய் உட்கார்ந்தது உங்கள் தைரியம். ஆய்வுக்கூடத்தில் நடப்பதும் சோதனை, வருமான வரிக்காரர்கள் வந்து பீரோவைத் திறப்பதும் சோதனை, 'கடவுளே, எனக்கு ஏன் இந்தச் சோதனை' என்பதும் சோதனை. இயக்குநர் முதல் அர்த்தத்தில் எடுக்கிறார், நாம் மூன்றாவதில் பார்க்கிறோம். இரண்டாவதுக்கு இந்த வகைப் படங்களில் வாய்ப்பே இல்லை. பீரோவில் என்ன இருக்கப்போகிறது?

முன்பு இதையே சொன்னதற்கு ஒரு விமர்சக நண்பர், "நடனப்படம் புரிவதற்கல்ல, உணர்வதற்கு" என்று கோபித்துக்கொண்டார். சரி. அப்படியானால் பின்னணியில் ஒரு குரல் 'நானே மரம், நானே மழை' என்று ஏன் படித்துக்கொண்டே இருக்கிறது? உடம்பு சொல்லாததையா அது சொல்கிறது? இதற்கு மட்டும் அவரிடமிருந்து இன்னும் பதில் வரவில்லை.

1945இல் மாயா டெரன் என்ற அமெரிக்கச் சோதனைப்பட இயக்குநர் சில நிமிடங்களே ஓடும் ஒரு மௌனப் படம் எடுத்தார். ஆடியவர் டேலி பீட்டி. காட்டில் காலைத் தூக்குகிறார், அந்தக் கால் ஒரு வீட்டின் அறைக்குள் இறங்குகிறது. ஒரே அசைவுதான், நடுவில் ஒரு வெட்டு. 'நான் மாறிவிட்டேன்' என்று யாரும் அறிவிக்கவில்லை. கடைசியில் ஒரு தாவல், பல துண்டுகளை ஒட்டியது. மனிதர் கீழே வருவதற்குள் நாம் ஒருமுறை மூச்சை விட்டு இழுத்துவிடலாம்.

நீங்கள் பார்த்த மாதிரிப் படம் எடுப்பவர்களுக்கோ உருமாற்றம் என்றாலே வண்ணத்துப்பூச்சிதான். கூட்டுக்குள் புழுவின் உடம்பில் பெரும்பகுதி கரைந்து கூழாகிறது. வெளியே வரும்போது இறக்கை ஈரமாக, கசங்கிய துணி மாதிரி தொங்குகிறது. உடலிலிருந்து திரவத்தைச் செலுத்தி அதை நிமிர்த்த வேண்டும், அப்புறம் காய வேண்டும். உள்ளே சேர்ந்த கழிவையும் வெளியேற்ற வேண்டும். இதையெல்லாம் யாராவது ஆடிக் காட்டினால் முதல் வரிசையில் உட்கார நான் தயார். ஆனால் படங்களில் வருவது இஸ்திரி போட்ட வெள்ளை உடையும் விரித்த கைகளும்தான்.

உங்கள் படத்துப் பெண்ணின் உள்ளங்காலில் மண் ஒட்டியிருந்ததா? அதை எழுதுங்கள். உங்கள் ரசனையைப் பற்றி அப்புறம் பேசலாம்.