பாஸ் ஏற்றினால் கதவு அதிர்கிறது, குரல் அமுங்குகிறது: கார் ஈக்வலைசரை எப்படி வைப்பது?

கேள்வி: என்னுடையது ஏழு வருடப் பழைய சின்ன கார். கம்பெனி ஸ்டீரியோவைக் கழற்றிவிட்டு, போன மாதம் வெளிக்கடையில் ஆண்ட்ராய்டு ஸ்டீரியோ மாட்டினேன். நான்கு கதவிலும் கம்பெனி ஸ்பீக்கர்களே இருக்கின்றன. பெட்டியில் '50 வாட் × 4' என்று போட்டிருக்கிறது. ஆனால் பாடுகிறவர் குரல் எங்கோ பின்னால் அமுங்கிக் கேட்கிறது. பாஸை ஏற்றினால் கதவு தடதடக்கிறது. சவுண்டைக் கூட்டினால் காது கூசுகிறது. கடைக்காரரிடம் கேட்டால், ஆம்ப்ளிஃபையரும் சப்வூஃபரும் போட்டால்தான் சரியாகும், 35 ஆயிரம் ஆகும் என்கிறார். ஈக்வலைசரிலேயே சரிசெய்ய முடியாதா? எதை எவ்வளவில் வைக்க வேண்டும்?

பதில்: அந்த 35 ஆயிரத்தை இப்போதைக்குத் தொடாதீர்கள். கதவு தடதடப்பதும் காது கூசுவதும் பெரும்பாலும் ஈக்வலைசரிலேயே அடங்கிவிடும். குரல் அமுங்குவதுதான் சந்தேகத்துக்குரியது. புது ஸ்டீரியோ மாட்டிய பிறகு வந்த குறை என்பதால், ஏதாவது ஒரு ஸ்பீக்கருக்கு ஒயரை மாற்றிக் கொடுத்திருக்கலாம். அப்படி இருந்தால் ஈக்வலைசரில் என்ன செய்தாலும் சரிவராது, ஆம்ப் வாங்கிப் போட்டாலும் சரிவராது. அதனால் முதலில் அதைப் பார்த்துவிடுங்கள்.

சத்தத்தை முன், பின் ஸ்பீக்கர்களுக்குப் பிரிக்கும் ஃபேடரை முழுக்க முன்பக்கம் தள்ளுங்கள். பின் கதவு ஸ்பீக்கர்கள் நின்றுவிடும். இடது, வலது பிரிக்கும் பேலன்ஸ் நடுவில் இருக்கட்டும். பேஸ் கிட்டாரோ தவிலோ நன்றாகக் கேட்கும் ஒரு பாட்டைப் போட்டு, பேலன்ஸை மெதுவாக ஒரே பக்கமாக நகர்த்துங்கள். இரண்டு ஸ்பீக்கரில் ஒன்று நின்றுபோவதால் பாஸ் குறையத்தான் வேண்டும். குறையாமல், ஒரே ஒரு ஸ்பீக்கர் பாடும்போது பாஸ் இன்னும் கனமாகக் கேட்டால், பிளஸ், மைனஸ் எங்கோ மாறியிருக்கிறது என்று அர்த்தம். ஒரு கதவில் ஸ்பீக்கரின் கூம்பு, அதாவது கோன், வெளியே தள்ளும்போது மறு கதவில் உள்ளே இழுக்கிறது. கனமான சத்தம் ஒன்றையொன்று அழித்துக்கொள்கிறது. நடுவில் டேஷ்போர்டுக்கு மேலே நின்று கேட்க வேண்டிய குரலும் இடம் தெரியாமல் கலைந்துபோகிறது. ஃபேடரைப் பின்னால் தள்ளி பின் கதவுகளுக்கும் இதே சோதனையைச் செய்யுங்கள். அப்புறம் பேலன்ஸை ஒரு ஓரத்தில் வைத்துக்கொண்டு, ஃபேடரை முன்னும் பின்னும் நகர்த்தி அந்தப் பக்கத்து முன், பின் கதவுகள் இரண்டும் ஒத்துப்போகின்றனவா என்றும் பாருங்கள்.

மாறியிருந்தால், அந்த ஒரு ஸ்பீக்கரின் இரண்டு ஒயரையும் இடம் மாற்றிக் கொடுத்தால் போதும். வெளியில் வாங்கும் ஸ்டீரியோக்களில் ஸ்பீக்கர் ஒயருக்கு ஒரு வழக்கமான நிறம் உண்டு. முன் இடது வெள்ளை, முன் வலது சாம்பல், பின் இடது பச்சை, பின் வலது ஊதா. கறுப்புக் கோடு ஓடும் ஒயர்தான் மைனஸ். உங்கள் காரின் பக்கம் வரும் கம்பெனி ஒயரின் நிறம் இதோடு ஒத்துப்போகாது. அவசரத்தில் கண்ணால் பார்த்து முறுக்கி டேப் சுற்றும்போது தப்பு நடப்பது அங்கேதான். மாட்டிய கடைக்கே வண்டியைக் கொண்டுபோங்கள், இதற்குத் தனியாகப் பணம் கொடுக்க வேண்டியதில்லை. இரண்டு நிமிடச் சோதனை இது. ஆனால் இதைச் செய்துகாட்டிவிட்டுச் சாவியைக் கொடுக்கும் கடைகள் குறைவு. குறையைச் சரிசெய்வதைவிடக் குறைக்கு மேலே ஒரு சப்வூஃபரை விற்பதில் வருமானம் அதிகம் என்பதைத் தவிர இதற்கு வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை.

ஒயர் சரி என்றால் ஈக்வலைசருக்கு வரலாம். கடையில் அதை எப்படி வைத்துக் கொடுத்தார்கள் என்று பாருங்கள். இரண்டு ஓரமும் தூக்கி, நடுப்பகுதி பள்ளமாக இருக்கும். 'ராக்', 'பாப்' என்று பெயர் போட்ட ரெடிமேட் செட்டிங்குகளும் பெரும்பாலும் இதே வடிவம்தான். கடையில் ஐந்து நிமிடம் கேட்கும்போது ஜோராக இருக்கும். ஆனால் மனிதக் குரலின் பேச்சும் தெளிவும் ஏறக்குறைய 300 முதல் 3,000 ஹெர்ட்ஸுக்குள் இருக்கின்றன (எண் சிறிதானால் கனமான சத்தம், பெரிதானால் கூர்மையான சத்தம்). பழைய டெலிபோன் அந்த அளவுக்குள் வரும் சத்தத்தை மட்டும் அனுப்பியே நாடு முழுக்கப் பேச வைத்தது. அந்தப் பகுதியைத்தான் பள்ளம் போட்டிருக்கிறார்கள். குரல் அமுங்காமல் என்ன செய்யும்?

ஈக்வலைசர் திரையில் ஏற்றி இறக்கும் எல்லாக் கோட்டையும் பூஜ்யத்துக்குக் கொண்டுவாருங்கள். பாஸ் பூஸ்ட், லவுட்னஸ், 3டி சரவுண்ட் போன்ற எல்லாவற்றையும் அணையுங்கள். போனிலும் ஒரு ஈக்வலைசர் இருக்கும், டால்பி இருக்கும், பாட்டு ஆப்புக்குள்ளே இன்னொரு ஈக்வலைசர் இருக்கும். அவற்றையும் அணைத்தே ஆக வேண்டும். மூன்று இடத்தில் பாஸ் ஏறியிருந்தால் எதைக் குறைக்கிறோம் என்றே தெரியாது. போனின் வால்யூமை முழுக்கவோ ஒரு படி குறைவாகவோ வைத்துவிட்டு, கூட்டுவது குறைப்பதை ஸ்டீரியோவில் மட்டும் செய்யுங்கள்.

பாட்டு உங்களுக்கு நன்றாகப் பழகியதாக, நல்ல தரத்தில் இருக்க வேண்டும். வாட்ஸ்ஆப்பில் வந்த பாட்டை வைத்து ட்யூன் செய்யாதீர்கள். எஃப்.எம்.மையும் வைத்துச் செய்யாதீர்கள். எஃப்.எம்.மில் 15,000 ஹெர்ட்ஸுக்கு மேல் எதுவும் அனுப்பப்படுவதில்லை, 16 கே (16,000 ஹெர்ட்ஸ்) கோட்டை ஏற்றினால் இரைச்சல்தான் வரும். 1960-களின் சினிமாப் பாட்டுகளிலும் அடி பாஸைத் தேடாதீர்கள். அந்தப் பதிவுகளிலேயே அது பெரிதாக இல்லை.

இப்போது முக்கியமான விஷயம். ஈக்வலைசரை இறக்குவதற்குப் பயன்படுத்துங்கள், ஏற்றுவதற்கு வேண்டாம். ஏன் என்றால், ஒரு கோட்டை 3 டெசிபெல் ஏற்றினால் அந்த இடத்தில் ஆம்ப் இரண்டு மடங்கு பவர் கொடுக்க வேண்டும். 6 ஏற்றினால் நான்கு மடங்கு, 12 ஏற்றினால் பதினாறு மடங்கு. 4 வாட்டில் பாடிக்கொண்டிருக்கும் பாஸை 12 ஏற்றினால் 64 வாட் வேண்டும். உங்கள் ஸ்டீரியோவிடம் அது கிடையாது. பெட்டியில் 50 என்று போட்டிருக்கிறதே என்பீர்கள். எஞ்சின் ஓடும்போது காரில் கிடைப்பது சுமார் 14.4 வோல்ட். ஸ்டீரியோவுக்குள் இருக்கும் சின்ன ஐ.சி. ஆம்ப் அதை வைத்து 4 ஓம் ஸ்பீக்கருக்குச் சுத்தமாகக் கொடுக்கக்கூடியது கணக்குப்படியே 26 வாட்டைத் தாண்டாது. இழப்பெல்லாம் போகக் கையில் நிற்பது 15 முதல் 20 வாட். அதைத்தான் ஆர்.எம்.எஸ். என்கிறோம். 50 என்பது 'மேக்ஸ்', விளம்பரத்துக்கான எண்.

முன்பு பி.எம்.பி.ஓ. என்று ஆயிரக்கணக்கில் வாட் அச்சடித்து டேப் ரெக்கார்டர் விற்றார்கள். பெயர் மாறியிருக்கிறது, பழக்கம் மாறவில்லை. அமெரிக்காவில் 2003-லேயே சி.இ.ஏ. 2006 என்று ஒரு அளவுமுறை கொண்டுவந்தார்கள் (இந்த 2006 வருடமல்ல, அளவுமுறையின் எண்). 14.4 வோல்ட்டில், 4 ஓமில், சத்தம் ஒரு சதவீதத்துக்கு மேல் சிதையாமல் எத்தனை வாட் என்று அளந்து போட வேண்டும். அதுகூடக் கட்டாயமில்லை, விரும்பிய கம்பெனி பின்பற்றலாம். நம் கடைகளில் ஆர்.எம்.எஸ். எண்ணைத் தெரிந்துகொள்ளப் பெட்டியை நாலு பக்கமும் திருப்ப வேண்டியிருக்கிறது. பத்தாயிரம் ரூபாய் பொருளுக்கு ஒரு உண்மையான எண்ணை முகப்பில் போடச் சொல்ல யாருக்கும் மனமில்லை.

ஆம்ப் தன் சக்திக்கு மேல் போனால் சத்தத்தின் உச்சி வெட்டுப்படும். கரகரப்பும் காது கூசுவதும் அதனால்தான். கூர்மையான சத்தத்தைப் பாடும் சின்ன ஸ்பீக்கரான ட்வீட்டர் கருகுவதும் பல நேரம் இதனால்தான். நீங்கள் சவுண்டைக் கூட்டும்போது நடப்பது இதுவாகத்தான் இருக்கும். பாஸ் கோட்டை இறக்கினாலே பாதி அடங்கும்.

எதை இறக்குவது என்று கண்டுபிடிக்க ஒரு வழி சொல்கிறேன். வண்டியை நிறுத்தி, கண்ணாடிகளை ஏற்றி, ஏசி ஃபேனைக் குறைத்து, வழக்கமாகக் கேட்கும் அளவில் பாட்டைப் போடுங்கள். எஞ்சினை ஓட விட்டால் திறந்த வெளியில் மட்டும், மூடிய ஷெட்டுக்குள் வேண்டவே வேண்டாம். ஒரே ஒரு கோட்டை மட்டும் தற்காலிகமாக 6 ஏற்றுங்கள். அசிங்கமாகக் கேட்கிறதா என்று பாருங்கள், திரும்பப் பூஜ்யத்துக்கு வாருங்கள், அடுத்த கோட்டுக்குப் போங்கள். எது ஏற்றியவுடனே தாங்க முடியாமல் இருந்ததோ, அதைப் பூஜ்யத்திலிருந்து 2 அல்லது 3 இறக்கிவிடுங்கள். உங்கள் கார் மாதிரி வண்டிகளில் பெரும்பாலும் இரண்டு இடம்தான் மாட்டும். ஒன்று 125 முதல் 250 ஹெர்ட்ஸ். கதவுத் தகடும் பிளாஸ்டிக் பேனலும் சேர்ந்து டம் டம் என்று ஊதுவதும், ஆண் குரல் சளி பிடித்ததுபோல் ஆவதும் இங்கேதான். இன்னொன்று 3,000, 4,000 பக்கம். கண்ணாடியில் பட்டுத் திரும்பும் சத்தம் காதைக் குத்துவது இங்கே. 500, 1,000 இரண்டையும் அப்படியே விடுங்கள், குரல் அங்கே இருக்கிறது. இறக்கியதால் மொத்தச் சத்தம் குறைந்த மாதிரி இருந்தால் வால்யூமைக் கூட்டிக்கொள்ளுங்கள். வால்யூம் 30-ல் இருக்கிறதே என்று பயப்பட ஒன்றுமில்லை.

ஈக்வலைசர் மெனுவில் ஹை பாஸ் (High Pass, நாம் பேசும் பாஸ் அல்ல; வைத்த அளவுக்குக் கீழே உள்ள சத்தத்தைத் தடுக்கும் வடிகட்டி) அல்லது ஹெச்.பி.எஃப். என்று இருந்தால் 80 ஹெர்ட்ஸில் வையுங்கள். அதற்குக் கீழே உள்ளதைக் கதவு ஸ்பீக்கர் பாட முயன்று தோற்பதுதான் தடதடப்பு. தள்ளிவிட்டால் மிச்சம் தெளிவாகும்.

ஏற்றக் கூடாது என்று சொன்னதற்கு ஒரு விலக்கு இருக்கிறது. இதைத் தப்பாகப் புரிந்துகொண்டு நிறையப் பேர் ஸ்பீக்கரைக் கெடுத்துக்கொள்வதால் விளக்கமாகவே சொல்கிறேன். நம் காது எல்லா அளவிலும் ஒரே மாதிரி கேட்பதில்லை. பெல் ஆய்வுக்கூடத்தின் ஃபிளெட்சரும் மன்சனும் 1933-லேயே இதை அளந்து வெளியிட்டார்கள். சத்தத்தைக் குறைக்கக் குறைக்க, குரல் போன்ற நடுப்பகுதியைவிட பாஸ் வேகமாகக் காதைவிட்டு மறைகிறது. பின் சீட்டில் குழந்தை தூங்குகிறது, ராத்திரி பைபாஸில் மெதுவாகப் பாட்டு ஓடுகிறது என்றால் பாட்டு சப்பையாகக் கேட்பது இதனால். அப்போது 100 ஹெர்ட்ஸ் பக்கம் 4 டெசிபெல் வரை ஏற்றலாம், அல்லது லவுட்னஸைப் போடலாம். அந்தச் சின்ன அளவில் ஆம்ப் கால் வாட்கூடச் செலவழிக்காது. 6 ஏற்றினாலும் ஒரு வாட்தான், யாருக்கும் நஷ்டமில்லை. சிக்கல் மறுநாள் காலையில் வரும். அதே செட்டிங்கோடு வால்யூமை ஏற்றுவோம், நேற்று கால் வாட்டுக்குச் சேர்த்ததை இன்று பத்து வாட்டுக்குச் சேர்ப்போம். சில ஸ்டீரியோக்களில் வால்யூம் ஏற ஏற லவுட்னஸ் தானாகக் குறையும், மலிவானவற்றில் குறையாது. உங்களுடையது எது என்று அறிய, வால்யூமை முக்கால் பங்கு வைத்து லவுட்னஸைப் போட்டு அணைத்துப் பாருங்கள். அங்கேயும் பாஸ் குதித்தால் அது தானாகக் குறையாத ரகம். அப்படியானால் ராத்திரிக்கு என்று தனியாக ஒரு செட்டிங் சேவ் செய்துகொண்டு, பகலில் மறக்காமல் மாற்றிவிடுங்கள். எப்போதும் சத்தமாகவே கேட்பவர்களுக்கு இந்த விலக்கு கிடையாது.

ஃபேடரைக் கொஞ்சம் முன்பக்கம் வைத்தால் குரல் முன்னால் வந்து நிற்கும்.

இவ்வளவுக்குப் பிறகும் கதவு அதிர்ந்தால், செலவு செய்ய வேண்டிய முதல் இடம் கதவுதான். உள்பக்கத் தகட்டில் ஒட்டும், அதிர்வை அடக்கும் டேம்பிங் ஷீட், ஸ்பீக்கரைச் சுற்றி ஓட்டை இல்லாமல் அடைப்பது, தளர்ந்த கிளிப்புகளை மாற்றுவது. முன் கதவு இரண்டுக்கும் இதைச் செய்தாலே பழைய ஸ்பீக்கர் புதிதுபோல் பாடும். கடையில் இதைச் சொல்ல மாட்டார்கள், மெனக்கெடும் வேலை, லாபம் குறைவு. டெமோ போர்டுக்கு முன்னால்தான் நிற்க வைப்பார்கள். அங்கே ஒரு தந்திரம் உண்டு. விற்க நினைக்கும் ஸ்பீக்கர் மற்றதைவிடக் கொஞ்சம் சத்தமாகப் பாடும். கொஞ்சம் சத்தம் கூடினாலே காது அதை நல்லது என்று எடுத்துக்கொள்ளும். இரண்டையும் ஒரே அளவுக்குக் கொண்டுவரச் சொல்லி, நீங்கள் கொண்டுபோன பாட்டைப் போடச் சொல்லுங்கள். சென்னை ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டிலும் சரி, உங்கள் ஊரிலும் சரி, நல்ல கைவேலைக்காரர்கள் இருக்கிறார்கள். அப்படிப்பட்டவர் இதற்குக் கோபப்பட மாட்டார்.

எந்த வேலை செய்தாலும் கம்பெனி ஒயரை வெட்ட விடாதீர்கள். ஒயரை வெட்டாமல் செருகி இணைக்கும் கப்ளர் பெரும்பாலான மாடல்களுக்குத் தனியாகக் கிடைக்கிறது, சில நூறு ரூபாய்தான். வாரண்டி இன்னும் மிச்சமிருக்கும் வண்டி என்றால், 'வாரண்டி ஒன்றும் போகாது சார்' என்று சொல்பவர் அதை பில்லில் எழுதித் தருவாரா என்று கேளுங்கள். ஷோரூமின் ஆக்சசரி பிரிவில் கொடுத்தால் பத்திரம் என்றும் நினைக்க வேண்டாம். அங்கேயும் வெளி ஆளைக் கூப்பிட்டு ஒயரை வெட்ட வைத்ததை நான் பார்த்திருக்கிறேன். பிறகு எலெக்ட்ரிகல் கோளாறு வந்தால், ஒயரில் கை வைத்திருக்கிறீர்கள் என்று வாரண்டியை மறுப்பதும் அதே ஷோரூம்தான்.

அடி வயிற்றில் இறங்கும் பாஸ்தான் வேண்டும் என்று பிறகும் தோன்றினால், அது ஈக்வலைசரில் வராது. சீட்டுக்கு அடியில் வைக்கும், ஆம்ப் உள்ளேயே இருக்கும் சின்ன சப்வூஃபர் ஒன்று உங்கள் வண்டிக்குத் தாராளம், டிக்கியை அடைக்கும் பெட்டி வேண்டாம். அதற்கான பவர் ஒயரை ஸ்டீரியோவுக்குப் பின்னாலிருந்து எடுக்கக் கூடாது, நேராக பேட்டரியிலிருந்து வர வேண்டும். பேட்டரிக்குப் பக்கத்திலேயே, ஒன்றரை அடிக்குள், ஃபியூஸ் இருக்க வேண்டும். பானட்டைத் திறக்கச் சொல்லி, அந்த ஃபியூஸைக் கண்ணால் பார்த்த பிறகு பணத்தைக் கொடுங்கள்.